கவிதைப் புத்தகம் அண்ணனூர் வந்த வழி

1959 ஜனவரியில் திருவல்லிக்கேணி பிள்ளையார் கோயில் தெருவிலிருந்து 'எழுத்து' என்ற மாத இதழ் வெளிவந்தது. நடத்தியவர் சி.சு. செல்லப்பா. 'மணிக்கொடி' இதழ்க் காலத்திலிருந்து எழுதிவந்தவர், வத்தலக்குண்டுக்காரர், பிடிவாதக்காரர். இரண்டாயிரம் பிரதிக்கு மேல் அச்சிடுவதில்லை, கடைகளில் போட்டு விற்பதில்லை, சந்தா கட்டியவர்களுக்கு மட்டும்தான் என்று தொடக்கத்திலேயே அறிவித்துவிட்டார். விற்காமல் நின்றுபோன இதழ்கள் தமிழில் எத்தனையோ உண்டு. கடையில் விற்க மாட்டேன் என்று முதல் நாளே சொல்லிவிட்டு வந்த இதழ் இதைத் தவிர வேறொன்று என் நினைவுக்கு வரவில்லை. அந்த இரண்டாயிரம் வரம்பு அவருக்குக் கடைசிவரை தொல்லை தரவில்லை. சந்தா அதன் பக்கத்திலேயே வரவில்லை.

கவிதைக்காகத் தொடங்கிய இதழ் அல்ல 'எழுத்து'. இலக்கிய விமர்சனம் வளர வேண்டும் என்பதே செல்லப்பாவின் எண்ணம். ஆனால் முதல் இதழிலேயே ந. பிச்சமூர்த்தியின் 'பெட்டிக்கடை நாரணன்' கவிதையை மறுபடி அச்சிட்டார். யாப்புக்கு உட்படாத கவிதைக்கு இங்கே இடம் உண்டு என்ற செய்தி அதைப் படித்தவர்களுக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. பிறகு தபால்காரர் கொண்டுவந்து போட ஆரம்பித்தார். திருகோணமலையிலிருந்து தருமு சிவராமு என்ற இருபது வயதுப் பையன் எழுதினான். நாகர்கோவிலில் ஜவுளிக்கடை வைத்திருந்த சுந்தர ராமசாமி, பசுவய்யா என்ற பெயரில் எழுதினார். திருவனந்தபுரத்தில் ஆங்கிலம் கற்பித்துக்கொண்டிருந்த டி.கே. துரைசாமி எழுதினார், நகுலன் என்றால் உங்களுக்குத் தெரியும். சி. மணி, வைதீஸ்வரன், தி.சோ. வேணுகோபாலன் எல்லோரும் அப்படி வந்தவர்களே. பத்திரிகை அலுவலகம் என்று தனியாக ஒன்றும் இல்லை. செல்லப்பாவின் வீடுதான் அலுவலகம். மூன்று நான்கு ஆண்டுகளில் அந்த வீட்டில் ஒரு புத்தகத்துக்கு வேண்டிய கவிதைகள் சேர்ந்துவிட்டன.

சேர்ந்ததைப் புத்தகமாக்க அன்றைக்கு எந்தப் பதிப்பகம் முன்வந்திருக்கும்? எழுத்து பிரசுரம் என்ற பெயரில் செல்லப்பாவே போட்டார். 1962ல் வந்தது 'புதுக்குரல்கள்': 24 கவிஞர்கள், 63 கவிதைகள். பிச்சமூர்த்தியின் 'காட்டு வாத்து' தொகுப்பும் அதே ஆண்டில் வந்தது. தமிழில் புதுக்கவிதை நூல் என்ற பண்டம் பிறந்தது இந்த வீட்டில்தான் என்று சொன்னால் யாரும் பெரிதாகச் சண்டைக்கு வரமாட்டார்கள். பின்னாளில் கோவையில் எழுந்த 'வானம்பாடி' இதழ்க்காரர்கள் வேண்டுமானால் வரலாம்.

இந்தப் பண்டம் உருவான விதத்தைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். இப்போது கணினியில் ஒரு பொத்தானைத் தட்டினால் வரி உடைகிறது. அன்றைக்கு ஒரு வரியை உடைக்க ஈயம் வேண்டும்.

கம்பாசிட்டர் ஒருவர், சாய்வாக வைத்த கேஸ்களின் முன்னால் நின்றுகொண்டு, இடது கையில் ஸ்டிக்கைப் பிடித்துக்கொண்டு, வலது கையால் அறை அறையாகத் துழாவி எழுத்துகளைப் பொறுக்கி அடுக்குவார். எழுத்துகள் கண்ணாடியில் தெரிவதுபோல இடம் வலம் மாறி இருக்கும். தமிழுக்கு அறைகள் அதிகம். குவும் கூவும் முவும் மூவும் தனித்தனி வார்ப்பு. 1978 அக்டோபரில் எம்.ஜி.ஆர். அரசு பெரியாரின் எழுத்துச் சீர்திருத்தத்தை ஏற்கும் வரை ணா, றா, னாவுக்கும் ணை, லை, ளை, னைக்கும் பழைய வடிவங்கள் தனியாக இருந்தன. மொத்தம் 13 எழுத்துகள் அந்த ஆணையால் மாறின. அச்சகக்காரர்களுக்கு அது மொழிப் பிரச்சினையாக இருந்ததோ இல்லையோ, கேஸில் சில அறைகள் மிச்சமாயின.

சின்ன அச்சகத்தில் எழுத்து அளவாகத்தான் இருக்கும். எட்டுப் பக்கமோ பதினாறு பக்கமோ கோத்து, சட்டத்தில் பூட்டி, அச்சடித்து, மண்ணெண்ணெயில் கழுவி, எழுத்தை மறுபடி அறை அறையாகப் பிரித்துப் போட்டால்தான் அடுத்த பதினாறு பக்கத்துக்கு எழுத்து கிடைக்கும். நாவல் என்றால் 'க' எழுத்து பாதியில் தீர்ந்துவிடும். வேலை நிற்கும். கவிதைக்கு இந்தத் தொல்லை குறைவு. ஒரு பக்கத்துக்கு நாற்பது ஐம்பது சொல் இருந்தால் அதிகம். கையில் காசில்லாத பதிப்பாளரும் ஐஸ்ஹவுஸ் சந்து ட்ரெடில் அச்சகமும் கவிதைப் புத்தகத்தில் சந்தித்துக்கொண்டதற்கு இது ஒரு காரணம் என்று நினைக்கிறேன். இலக்கிய வரலாறு எழுதுகிறவர்கள் இதைச் சொல்வதில்லை. அவர்கள் ஆங்கிலக் கவிஞர் எலியட்டின் தாக்கத்தோடு நின்றுவிடுகிறார்கள்.

ஆனால் எழுத்து மிச்சமானாலும் உலோகம் மிச்சமாகாது. குட்டை வரிக்கு வலப்பக்கம் பாதிப் பக்கம் வெள்ளையாகக் கிடக்கிறதே, அச்சுக்கு அது வெற்றிடம் இல்லை. அந்த இடம் முழுவதும் குவாட் என்ற உயரம் குறைந்த ஈயக் கட்டைகளால் நிரப்பப்பட வேண்டும். வரிக்கும் வரிக்கும் நடுவே லெட் தகடு. கவிதைக்கும் கவிதைக்கும் நடுவே இன்னும் பருமனான கட்டை. இவை இறுக்கமாக இல்லாவிட்டால் பூட்டிய சட்டத்தைத் தூக்கும்போது மொத்தமும் தரையில் கொட்டும். புதுக்கவிதையின் மௌனம் என்று விமர்சகர்கள் எழுதினார்கள். அந்த மௌனம் கல்மேஜையின் மேல் கிலோக்கணக்கில் கனத்தது. ஒரு வரி எங்கே முடிய வேண்டும் என்பதில் கவிஞர் குறியாக இருப்பார். வரி நிரம்பாமல் முடிவதைக் கம்பாசிட்டரின் கை இயல்பாகவே எதிர்க்கும். புரூஃபில் நடந்த அந்த இழுபறிக்கு ஆவணம் ஏதும் மிஞ்சவில்லை.

தாள் கணக்கு எளிது. பதினேழரைக்கு இருபத்திரண்டரை அங்குலத்தில் வரும் டெம்மித் தாளை மூன்று முறை மடித்தால் பதினாறு பக்கம். அது ஒரு ஃபாரம். அறுபத்து நான்கு பக்கத்துக்கு நான்கு ஃபாரம். மடித்து, அடுக்கி, தைத்து, அட்டை ஒட்டி, வெட்டினால் புத்தகம். தமிழ்ப் பதிப்புலகில் ஆயிரம் அல்லது ஆயிரத்து இருநூறு பிரதி என்பது நெடுங்கால வழக்கம். அதற்குக் குறைவாக அச்சடித்தாலும் கோத்த கூலியும் பூட்டிய கூலியும் குறையாது. ஆகவே ஐம்பது பேர் படிக்கப்போகும் கவிதைக்கும் ஆயிரம் பிரதி அச்சாகும்.

மீதிப் பிரதிகள் எங்கே போகும்? பதிப்பாளர் வீட்டுக்குப் போகும். கட்டிலுக்கு அடியில், பரணில், மாடிப்படி வளைவில். தமிழ்ச் சிறுபதிப்பகம் எதற்கும் கிடங்கு என்று தனியாக இருந்ததில்லை. அந்த வீட்டுப் பெண்கள்தான் கிடங்குக் காப்பாளர்கள். அவர்கள் பெயர் நன்றியுரையில் எப்போதாவது வரும்.

இங்கேதான் செல்லப்பாவின் கதை எனக்கு முக்கியமாகிறது. கடையில் விற்க மாட்டேன் என்று அறிவித்த மனிதர், கடைகள் தன் புத்தகங்களை வாங்காது என்று தெரிந்ததும் தானே சுமந்து கிளம்பினார். புத்தக மூட்டைகளோடு ஊர் ஊராக, கல்லூரி கல்லூரியாகப் போனார். தமிழ்த் துறைகளின் கதவைத் தட்டினார். புதுக்கவிதையைக் கவிதை என்று ஒப்பாத பேராசிரியர்கள் நிறைந்த துறைகள் அவை. மாணவர்கள் முன்னால் பேசினார், பேசி முடித்ததும் விற்றார். விற்றது போக மீதியைக் கட்டிக்கொண்டு அடுத்த ஊருக்கு பஸ் ஏறினார். மனைவியின் நகைகள் இந்தச் செலவில் போயின என்று பலரும் எழுதியிருக்கிறார்கள். 'எழுத்து' 1970 வரை, 119 இதழ்கள் வந்து நின்றது. பிரசுரம் அதற்குப் பிறகும் நடந்தது. 'புதுக்குரல்கள்' பல்கலைக்கழகப் பாடமாகி மறுபதிப்பும் கண்டது. தட்டிய கதவுகளில் ஒன்றாவது திறந்திருக்கிறது. செல்லப்பா கடைசிவரை மாறவில்லை. 1997ல், எண்பத்தைந்தாம் வயதில், 'சுதந்திர தாகம்' நாவலை மூன்று பாகங்களாகத் தானே போட்டார். மறு ஆண்டு டிசம்பரில் காலமானார். அந்த நாவலுக்கு 2001ல் சாகித்திய அகாதெமி விருது கொடுத்தார்கள்.

வெளியூரிலும் இப்படித்தான். லண்டனுக்குப் பக்கத்தில் ரிச்மண்டில், வர்ஜீனியா வுல்ஃபும் கணவர் லெனார்டும் 1917ல் ஒரு கையச்சு எந்திரத்தை வாங்கிச் சாப்பாட்டு அறையில் வைத்தார்கள். எலியட்டின் 'பாழ்நிலம்' இங்கிலாந்தில் முதன்முதலாகப் புத்தகமானது அந்த ஹோகார்த் அச்சகத்தில்தான், 1923ல். சுமார் 460 பிரதி. எழுத்துக் கோத்தவர் வர்ஜீனியா வுல்ஃப். உலகத்து நவீன கவிதையின் பெரிய புத்தகமும் வீட்டு அறையில் அச்சானதுதான். ஒரு வித்தியாசம்: லண்டன் புத்தகக் கடைகளுக்கு அதைக் கொண்டுசேர்க்க ஒரு வழி ஏற்கெனவே இருந்தது. செல்லப்பாவுக்கு அந்த வழியையும் தானே போட வேண்டியிருந்தது.

எழுபதுகளில் அச்சு சென்னையை விட்டு வெளியே நடந்தது. கோவையில் 1971ல் வந்த 'வானம்பாடி' தன்னை விலையிலாக் கவிமடல் என்று அழைத்துக்கொண்டது. ஒருவர் கடையில் விற்க மாட்டேன் என்றார், இவர்கள் விலையே வேண்டாம் என்றார்கள். விற்பனை என்ற சங்கடத்தை இரு தரப்பும் தத்தம் வழியில் கடந்தன. சேலத்தில் பரந்தாமன் 'அஃக்' இதழை அச்சுக் கலையின் அழகுக்காகவே பேசப்படும்படி கொண்டுவந்தார். சிவராமுவின் 'கண்ணாடியுள்ளிருந்து' அங்கிருந்து வந்தது. திருகோணமலையிலிருந்து திருவல்லிக்கேணிக்குத் தபாலில் கிளம்பிய கவிதை, சேலத்தில் புத்தகமாயிற்று. சிவகங்கையில் கல்லூரி ஆசிரியரான மீரா அன்னம் பதிப்பகத்தைத் தொடங்கினார். சென்னையில் க்ரியா ராமகிருஷ்ணன் 1974ல் க்ரியா பதிப்பகத்தைத் தொடங்கினார். புத்தகம் என்பது தாள், எழுத்துரு, அட்டை, பிழை திருத்தம் எல்லாம் சேர்ந்தது என்று க்ரியா காட்டியது. ஓவியர் ஆதிமூலத்தின் கோடுகள் இந்தக் காலத்துச் சிறுபத்திரிகைகளையும் நூல்களையும் வேறு முகத்தோடு அனுப்பிவைத்தன.

ஈழத்துக் கவிதை கடல் கடந்து வந்ததும் இதே சிறு வழிகளில்தான். எம்.ஏ. நுஃமானும் அ. யேசுராசாவும் தொகுத்த 'பதினொரு ஈழத்துக் கவிஞர்கள்' 1984ல் க்ரியா வெளியீடாக வந்தது. 1983 ஜூலை இனக்கலவரத்துக்குப் பிறகு அங்கிருந்து செய்தித்தாளில் வந்ததெல்லாம் எண்ணிக்கைகள். ஆட்கள் என்ன பேசினார்கள் என்பது இப்படிச் சில நூறு பக்கங்களில் வந்தது.

ஆத்மாநாமின் 'காகிதத்தில் ஒரு கோடு' 1981ல் 'ழ' வெளியீடாக வந்தது. 'ழ' அவரும் நண்பர்களும் 1978 முதல் நடத்திய கவிதை இதழ். அவர் உயிரோடிருந்தபோது வந்த ஒரே தொகுப்பு அதுதான். 1984ல் முப்பத்து மூன்று வயதில் இறந்துபோனார். தொகுப்பு வராமல் இருந்திருந்தால் அவர் நண்பர்களின் நினைவிலும் சில இதழ்களின் பக்கங்களிலும் சிதறிக் கிடந்திருப்பார். சிறு பதிப்பகம் எதற்கு என்று கேட்பவர்களுக்கு நான் இந்த ஒரு புத்தகத்தைத்தான் காட்டுவேன்.

புத்தகத்துக்கு இரண்டாம் பிறவியும் உண்டு. கல்லூரியில் வாங்கியவர் வேலை கிடைத்து வீடு மாறும்போது எடைக்குப் போடுவார், அல்லது அவர் போனபின் பிள்ளைகள் போடுவார்கள். எடைக்குப் போன கவிதை பழைய புத்தகக் கடைக்கு வரும். சென்னையில் அதற்குப் பேர்போன இடம் மூர் மார்க்கெட். 1900ல் திறந்த சிவப்புக் கட்டடம். 1985 மே 30ல் தீப்பிடித்து எரிந்தது. பழைய புத்தகக்காரர்கள் பக்கத்தில் அல்லிக்குளம் வளாகத்துக்குப் போனார்கள். எரிந்த இடத்தில் ரயில்வேக்காரர்கள் புறநகர் முனையம் கட்டினார்கள். இன்றைக்கும் அதன் பெயர் மூர் மார்க்கெட் வளாகம்.

எங்கள் அண்ணனூருக்கு சென்ட்ரலில் ரயில் ஏற வேண்டுமானால் அங்கேதான் ஏற வேண்டும். பேசின் பிரிட்ஜ், வியாசர்பாடி ஜீவா, பெரம்பூர் மூன்று நிலையங்கள், வில்லிவாக்கம், கொரட்டூர், பட்டரவாக்கம், அம்பத்தூர், திருமுல்லைவாயில், பிறகு அண்ணனூர். அடுத்தது ஆவடி. தென்னிந்தியாவின் முதல் ரயில் 1856ல் ராயபுரத்திலிருந்து வாலாஜா பக்கம் போனது இந்தப் பாதையில்தான். இப்போது அண்ணனூரில் மின்தொடர் வண்டிகளைப் பழுதுபார்க்கும் கார் ஷெட் இருக்கிறது. ஊர் வேலைக்குப் போகிறவர்களின் ஊர். அம்பத்தூர் எஸ்டேட், ஆவடி டாங்கி ஆலை, சென்ட்ரல் பக்கத்து அலுவலகங்கள். காலை வண்டியில் நிற்க இடம் கிடைப்பதே பாக்கியம். என்றாலும் இரவு பத்து மணி வண்டியில் யாராவது ஒருவர் மெல்லிய புத்தகம் ஒன்றை மடியில் வைத்திருப்பதைப் பார்த்திருக்கிறேன். நாவலாக இருந்தால் கனமாக இருக்கும்.

எங்கள் பக்கத்துக் கடைகளில் நோட்டுப் புத்தகம் கிடைக்கும், கைடு கிடைக்கும், ஜனவரியில் தினசரிக் காலண்டர் கிடைக்கும். கவிதைப் புத்தகம் வைத்திருக்கும் கடையை நான் பார்த்ததில்லை. குறையாகச் சொல்லவில்லை. கடை வாடகை கட்டுகிறவர், ஆண்டுக்கு நான்கு பிரதி போகும் பொருளை ஏன் வைக்கப்போகிறார்? பெரிய கடைகளும் முப்பத்தைந்து, நாற்பது விழுக்காடு கழிவில் எடுத்து, விற்ற பிறகுதான் பணம் தருவார்கள். நூறு ரூபாய்ப் புத்தகத்தில் பதிப்பாளருக்கு வரும் அறுபது ரூபாயும் எந்த மாதம் வரும் என்பது தெய்வச் செயல். 1977ல் அண்ணா சாலை மதரசா பள்ளியில் தொடங்கிய சென்னைப் புத்தகக் காட்சி இப்போது நந்தனத்தில் பெரிய திருவிழாவாகிவிட்டது. ஆனால் நான்கே தலைப்பு வைத்திருக்கும் கவிதைப் பதிப்பகம் தனி அரங்கு எடுத்தால் வாடகைக்கே கட்டுப்படியாகாது. நண்பர் ஒருவரின் அரங்கில், பெரிய புத்தகங்களுக்குப் பக்கத்தில், ஓரமாக ஒரு அடுக்கு. வாங்க வருகிறவர் கண்ணுக்கு அது தட்டுப்பட வேண்டுமானால், கவிஞரே அதன் பக்கத்தில் நின்றுகொண்டிருக்க வேண்டும். நிற்கிறார்கள்.

அச்சு மட்டும் தலைகீழாக மாறிவிட்டது. எண்பதுகளின் பிற்பாதியில் டிடிபி வந்தது. கேஸ்களும் ஈயமும் எடைக்குப் போயின. பிறகு ஆஃப்செட். அதன்பிறகு டிஜிட்டல் அச்சு வந்ததும் ஆயிரம் பிரதி என்ற கட்டாயம் ஒழிந்தது. ஐம்பது போதும் என்றால் ஐம்பது, தீர்ந்தால் இன்னும் ஐம்பது. கட்டிலுக்கு அடியில் இடம் காலியாயிற்று. ஐஎஸ்பிஎன் எண்ணை மத்திய அரசின் ராஜா ராம்மோகன் ராய் முகமை இலவசமாகத் தருகிறது. அண்ணனூரில் வாடகை வீட்டில் இருப்பவர் ஒருவர் மடிக்கணினியில் பக்கம் கட்டி, பிடிஎஃப் ஆக்கி அனுப்பி, ஒரே வாரத்தில் புத்தகத்தைக் கையில் வாங்கிவிடலாம். செல்லப்பா பார்த்திருந்தால் மகிழ்ந்திருப்பார் என்று சொல்லத் தோன்றுகிறது. உண்மையில் அவர் பிழை திருத்தத்தைப் பற்றித்தான் முதலில் சண்டை போட்டிருப்பார். சண்டை போட வேண்டிய விஷயம்தான். அன்றைக்குப் புத்தகம் போடுவது கஷ்டமாக இருந்ததாலேயே பலமுறை படித்துப் பார்த்தார்கள். இன்றைக்குச் சுலபமாக இருப்பதாலேயே பல தொகுப்புகள் ஒருமுறைகூடத் திருத்தப்படாமல் வெளியாகின்றன. ஆசிரியரிடமே காசு வாங்கிக்கொண்டு அச்சடித்துக் கொடுத்துவிட்டுப் பதிப்பகம் என்று பெயர் வைத்துக்கொள்வதும் பெருகிவிட்டது. தேர்ந்தெடுப்பவர் இல்லாத இடத்தைப் பதிப்பகம் என்று சொல்ல எனக்கு மனம் வருவதில்லை. 'புதுக்குரல்க'ளில் 63 கவிதை இருக்கிறதென்றால், செல்லப்பா சேர்க்காமல் விட்ட கவிதைகள் அதைவிட அதிகம்.

மாறாதது ஒன்றுதான்: அச்சான பிரதியை வாசகர் கையில் சேர்ப்பது. நூலக ஆணை கிடைத்தால் பிரதிகள் மொத்தமாகப் போகும். ஆனால் விலையைப் பக்கக் கணக்கில் நிர்ணயிப்பது அங்கே வழக்கம். பக்கத்தில் பாதி வெள்ளையாக விட்டு அறுபத்து நான்கு பக்கத்தில் முடித்துவிடும் கவிஞருக்கு அதில் என்ன தேறும்? சட்டம் கேட்கும் பிரதிகள் வேறு உண்டு. 1954ஆம் ஆண்டின் நூல் ஒப்படைப்புச் சட்டப்படி, வெளியான 30 நாளுக்குள் கல்கத்தா தேசிய நூலகத்துக்கும், சென்னை கன்னிமாரா, மும்பை, தில்லி நூலகங்களுக்கும் பதிப்பாளர் தம் செலவில் ஆளுக்கொரு பிரதி அனுப்ப வேண்டும். சிறு பதிப்பாளர்கள் இதை வீண் செலவென்று நினைத்தால் தவறு. ஐம்பது பிரதி மட்டுமே அச்சான புத்தகம் நாற்பது ஆண்டு கழித்து எங்காவது இருக்குமானால், அது எழும்பூர் கன்னிமாராவில்தான் இருக்கும்.

மற்ற பிரதிகளுக்குத் தபால். செல்லப்பாவுக்குக் கவிதை வந்ததும் தபாலில், அவர் சந்தாதாரருக்கு அனுப்பியதும் தபாலில். சிறு பதிப்பகத்தின் உண்மையான புத்தகக் கடை தபால் நிலையம்தான். இதற்கென்றே பதிவு நூல் அஞ்சல் என்ற ஏற்பாடு நெடுங்காலம் இருந்தது. ஐந்து கிலோ புத்தகக் கட்டை எண்பது ரூபாய் போன்ற செலவில் நாட்டின் எந்த மூலைக்கும் அனுப்ப முடிந்தது. 2024 டிசம்பரில் அஞ்சல் துறை அதைத் திடீரென்று நிறுத்தியது. கவுண்டரில் போய் நின்றவர்களுக்குத்தான் செய்தி முதலில் தெரிந்தது. கணினியில் அந்தப் பகுதியையே காணோம் என்றார்கள். பதிப்பாளர்கள் பலர் எதிர்ப்புத் தெரிவித்தார்கள். விரைவு அஞ்சலில் அனுப்பினால் புத்தக விலையில் பாதி தபாலுக்குப் போகும். வாசகர் ஏன் வாங்குவார்?

2025 மே 1 முதல் ஞான் போஸ்ட் என்ற புதிய சேவை வந்தது. 300 கிராம் வரை 20 ரூபாய், ஐந்து கிலோவுக்கு 100 ரூபாய், வரி தனி. விமானத்தில் போகாது, தரை வழிதான். எங்கே போகிறதென்று தடம் பார்க்கலாம். பருவ இதழ்களுக்கு இதில் இடமில்லை. அதாவது 'எழுத்து' இன்றைக்கு வந்தால் இதில் அனுப்ப முடியாது, 'புதுக்குரல்கள்' வந்தால் அனுப்பலாம்.

கவிதைக்கு இந்தக் கட்டணம் தோதாக அமைந்துவிட்டது. கணக்குப் போட்டுப் பாருங்கள். டெம்மி அளவில் 96 பக்கம் என்றால் 48 தாள். 70 ஜிஎஸ்எம் தாளில் அது சுமார் 100 கிராம். கெட்டி அட்டை ஏறக்குறைய 20 கிராம். ஆக 120 கிராம். இரண்டு தொகுப்பைச் சேர்த்துக் கட்டினாலும் பழுப்பு உறையோடு 300 கிராமைத் தாண்டாது. முன்னூறு பக்க நாவல் ஒன்று தனியாகவே அந்த எல்லையைத் தாண்டிவிடும். அச்சகத்தில் எழுத்துத் தட்டுப்பாட்டால் கவிதைக்குக் கிடைத்த சலுகை, இப்போது தராசில் கிடைக்கிறது.

என் முகவரிக்கு வரும் பார்சல்கள் சிறியவை. முகவரி சிலவற்றில் கையால் எழுதியிருக்கும். அனுப்புநர் முகவரியைப் பார்த்தால் பதிப்பகப் பெயருக்குக் கீழே பிளாட் எண்ணோ மாடியோ இருக்கும். அதாவது அதுவும் வீடு. உறையைப் பிரித்தால் சில சமயம் புத்தகத்தோடு ஒரு சீட்டும் இருக்கும், படித்துவிட்டு எழுதுங்கள் என்று. எழுத வேண்டும். நான் எப்போதும் எழுதியதில்லை என்பது வேறு விஷயம்.

கவிஞர்களிடம் ஒரு சொல்: இலவசப் பிரதியைக் கொடுத்துக் கெடுக்காதீர்கள். நூறு பேருக்குக் கொடுத்தால் நூறு பேர் வாங்காமல் போவார்கள், அதில் எண்பது பேர் படிக்கவும் மாட்டார்கள். காசு கொடுத்தவர்தான் குறைந்தது நாலு பக்கமாவது புரட்டுவார்.

வாசகர்களிடம் இன்னொரு சொல். அண்ணனூரிலோ அம்பத்தூரிலோ பூந்தமல்லியிலோ, கவிதைப் புத்தகம் கிடைக்கும் கடை பக்கத்தில் இல்லாத எந்த ஊரில் இருந்தாலும், கடைக்காகக் காத்திருக்காதீர்கள். புத்தகத்தின் முன்பக்கத்தைப் புரட்டினால் பதிப்பக முகவரியும் தொலைபேசி எண்ணும் இருக்கும். நேராக அவர்களுக்கே பணம் அனுப்புங்கள், கழிவு கேட்காதீர்கள். ஒன்றுக்குப் பதில் இரண்டாக வாங்குங்கள். தபால் செலவு அதே 20 ரூபாய்தான்.